இரண்டாம் சரணத்துக்கு முன்னால்

அந்தப் பெட்டியின்மேல் தட்டாதீர்கள், தம்பி. உள்ளே வீணை இருக்கிறது. பூட்டியிருக்கிறதே, மெத்தை வைத்துத் தைத்திருக்கிறதே என்று எண்ணவேண்டாம். வெளியே விழும் ஒவ்வொரு தட்டும் உள்ளே குடத்தில் கேட்கும். எழும்பூரில் வண்டி புறப்பட்டதிலிருந்து பார்க்கிறேன். செங்கல்பட்டு வரையில் பொறுத்தேன். மேல்மருவத்தூர் வரையில் பொறுத்தேன். இதோ விழுப்புரம் வந்துவிட்டது. இனியும் பொறுத்தால் அதற்குக் கோழைத்தனம் என்று பெயர்.

காதில் அப்படி என்ன பாட்டு ஓடுகிறது?

பாட்டு இல்லையா? பின்னே?

இப்படிக் கொடுங்கள், கேட்டுப் பார்க்கிறேன். டக், டக், டக், டக். இவ்வளவுதானா? இதற்கு முடிவே கிடையாதா? நல்லது. வங்கியில் வேலை, நாற்பத்திரண்டாம் வயதில் கிதார் கற்றுக்கொள்ளும் ஆசை, இதைக் கேட்டுக்கொண்டே விரலால் தட்டிப் பழகும்படி ஆசிரியரின் கட்டளை. நீங்களும் பகல் வண்டியில் ஏறி, அடுத்தவர் பெட்டியில் தட்டிப் பழகுகிறீர்கள். சத்தம் போதாதென்று கைப்பேசியில் விளக்கு வேறு மின்னுகிறது. ஆம்புலன்ஸில் வைப்பது போல, சிவப்பு விளக்கு.

இந்தச் சத்தத்தை எனக்குத் தெரியும். முப்பத்தைந்து ஆண்டுக்கு முன்பே தெரியும். என்னை வீட்டுக்கு அனுப்பிய சத்தம் இது. இல்லை, தவறாகச் சொல்லிவிட்டேன். இதற்கு அவ்வளவு திறமை ஏது? என்னை வீட்டுக்கு அனுப்பியவர் தேவசகாயம். தபேலா தேவசகாயம். அவருடைய ஊருக்குத்தான் போய்க்கொண்டிருக்கிறேன், நாகர்கோவிலுக்கு. அவர் இறந்து நாளையோடு ஓராண்டு.

துக்கம் விசாரிக்கிற முகத்தை வைத்துக்கொள்ள வேண்டாம். நான் துக்கத்துக்குப் போகவில்லை.

என் பெயர் பூங்கோதை. நீங்கள் கேள்விப்பட்டிருக்கமாட்டீர்கள். ஒலிநாடாவின் உறையில் முருகன் படம் இருக்கும், பாடகர் படம் இருக்கும், வெளியிட்டவரின் தொலைபேசி எண்கூட இருக்கும். வீணை வாசித்தவள் பெயர் இருக்காது. ஆனால் எண்பதுகளில் உங்கள் வீட்டில் பக்திப் பாடல் ஒலிநாடா ஒன்றாவது இருந்திருக்குமானால், மார்கழியில் உங்கள் தெருமுனையில் குழாய் ஒலிபெருக்கி கட்டியிருப்பார்களானால், என் விரலை நீங்கள் கேட்டிருக்கிறீர்கள்.

சிரிக்கிறீர்கள். நான் பேசுவது மேடைப்பேச்சு போல இருக்கிறது, அதனால்தானே? என் தந்தை தமிழாசிரியர். ஒரு சொல்லின் கடைசி எழுத்தை விழுங்கிப் பேசினால் எங்கள் வீட்டில் அன்று இரவுச் சோறு கிடையாது. அரை மாத்திரை குறைந்தாலும் கண்டுபிடிக்கிற மனிதர் வளர்த்த பெண்ணுக்குத் தாளம் பிசகுமா? நீங்களே சொல்லுங்கள். பிசகுமா?

வடபழனியில் சங்கநிதி ஒலிப்பதிவுக் கூடம் என்று ஒன்று இருந்தது. பக்திப் பாடல் மட்டுமே அங்கே பதிவாகும். இசையமைப்பவர் ஆராவமுதன். எல்லாரும் மாஸ்டர் என்போம். நெற்றி நிறையத் திருமண் இட்டுக்கொண்டு வேலுக்கும் மயிலுக்கும் மெட்டமைப்பார். அவருக்குக் கீழே எட்டுப் பேர். அந்த எட்டில் நான் ஒருத்தி. எட்டுப் பேரும் ஒரே கூடத்தில், ஒரே நேரத்தில் வாசிக்கவேண்டும். பாடகர் கண்ணாடி அறைக்குள் நிற்பார். யாராவது ஒருவர் பிசகினால் அந்த டேக் போயிற்று. எட்டுப் பேரும் முதலிலிருந்து வரவேண்டும். குழல்காரர் பிசகியிருக்கிறார். வயலின்காரர் மூவரும் பிசகியிருக்கிறார்கள். ஒருமுறை பாடகரே முருகன் பாட்டில் பிள்ளையார் பெயரைப் பாடினார். நான் பிசகியதில்லை. பத்தொன்பது ஆண்டு, ஒருநாள்கூட இல்லை. "பூங்கோதை உட்கார்ந்தா ஒரே டேக்" என்பது அங்கே பழமொழி. மாஸ்டர் இன்னொன்றும் சொல்வார்: "பூங்கோதை வந்தா டேப் மிச்சம்." நாலு நிமிடம் இருபது நொடிக்குத் திட்டமிட்ட பாட்டு, நான் வாசித்தால் நாலு நிமிடம் பதினெட்டு நொடியில் முடிந்துவிடும். அவ்வளவு கச்சிதம்.

தேவசகாயம் எனக்கு எதிரில் உட்காருவார். தபேலாவைப் பாடகருக்குப் பக்கத்தில் வைப்பதுதான் வழக்கம். இவர் மாட்டார். "நான் அக்காவுக்கு எதிர்லதான் உக்காருவேன்" என்று அடம் பிடித்து, தம் பாயைத் தாமே இழுத்துப் போட்டுக்கொள்வார். வாசிக்கும்போது தபேலாவைப் பார்க்கமாட்டார், மாஸ்டரைப் பார்க்கமாட்டார். என் விரலையே பார்த்துக்கொண்டிருப்பார். எனக்கு அப்போதே தெரியும்: அந்த மனிதருக்குத் தாளத்தில் ஐயம். தாளம் சொல்லவேண்டியவரே வீணையைப் பார்த்துத் தாளம் கற்றுக்கொள்கிறார். பாவம் என்று விட்டுவிட்டேன். ஒருவர் குறையை ஊரறியச் சொல்வது என் பழக்கம் அன்று.

மாஸ்டர் மட்டும் என்ன? இரண்டாம் சரணத்துக்கு முன்னால் ஓர் இடையிசை வரும். எல்லாப் பாட்டிலும் வரும். மாஸ்டருக்கு அதற்குமேல் கற்பனை ஓடாது. அதில் வீணைக்கென்று ஒரு நீளமான, வேகமான பிடி எழுதியிருப்பார். அந்த இடம் வந்ததும் இரண்டு உள்ளங்கையையும் தரையைப் பார்த்து விரித்து, மேசையைத் துடைப்பது போல அழுத்தி அழுத்திக் காட்டுவார். எந்தப் பாட்டானாலும் அந்த இடத்தில் அதே கை. முழங்கையில் வாயுப்பிடிப்பு என்று நான் நினைத்திருந்தேன். தைலம்கூட வாங்கிக் கொடுத்தேன். வாங்கி வைத்துக்கொண்டார்.

தண்ணீர் குடிக்கிறீர்களா? வேண்டாமா? சரி.

எண்பத்தொன்பதில் கணிப்பொறி வந்தது. ஆடி மாதத்தில் வந்தது. ஆடியில் புதுப்பொருள் வாங்காத மாஸ்டர் அதற்கு மட்டும் விதிவிலக்குக் கொடுத்தார், ஏனென்றால் கொண்டுவந்த சிங்கப்பூர் மைத்துனருக்கு விடுமுறை ஆடியில்தான். சாம்பல் நிறப் பெட்டி. பெட்டியிலேயே தட்டச்சு எழுத்துகள். தலைமாட்டில் சிறிய தொலைக்காட்சி போல ஒன்று. பாட்டெல்லாம் சதுரமான தகட்டில் இருக்குமாம். தகட்டைச் செருகினால் கோழி சீய்ப்பது போல ஒரு சத்தம் வரும், ஐந்து நிமிடம் காத்திருக்கவேண்டும், அப்புறம் பாட்டு வரும். ஐந்து நிமிடத்தில் நான் ஒரு பாட்டை முடித்துவிட்டுக் கையலம்பியிருப்பேன்.

அதற்குச் செய்த உபசாரத்தைக் கேளுங்கள். நாங்கள் வாசிக்கும்போது இரைச்சல் ஆகாது என்று குளிர்சாதனத்தை அணைத்துவிடுவார்கள். வியர்வை வழிய வழிய வாசிப்போம். அதற்கு மட்டும் தனி அறை, நாள் முழுக்கக் குளிர். தூசி ஆகாதாம், செருப்பை வெளியே விடவேண்டும். கோயில் வாசல்வரை செருப்போடு போகிற வயலின்காரர் அங்கே வெறுங்காலோடு நின்றார். ஆயுதபூசையன்று என் வீணைக்கு வைத்த பொட்டைவிடப் பெரிய பொட்டு அதற்கு. கண்ணாடித் திரையிலேயே சந்தனத்தை அப்பிவிட்டார் மாஸ்டர். பாதி எண்கள் மறைந்துபோயின. இரண்டு நாள் தேய்த்தார்கள்.

அதை இயக்க ஒரு பெண் வந்தாள். ரெஜினா. பெரம்பூரில் பள்ளிக்கூடத்துப் பியானோ ஆசிரியை. முப்பது வயதிருக்கும், வெட்டிய கூந்தல். சரளி வரிசை தெரியாது. ஆதி தாளத்துக்கு எத்தனை எண்ணிக்கை என்று கேட்டேன். "எட்டு, மேடம். ஃபோர் ப்ளஸ் டூ ப்ளஸ் டூ" என்றாள். காய்கறிக்கு விலை சொல்வது போல.

இனி எட்டுப் பேரும் ஒன்றாக உட்காரவேண்டியதில்லை என்றார்கள். கணிப்பொறி முதலில் வாசித்துவிடும்: தாளம், தபேலாவைப் போல ஏதோ ஒன்று, ஈயச் சட்டியில் தட்டுவது போல. பிறகு ஒவ்வொருவராகப் போய், காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு, உங்கள் டக் டக்கைக் கேட்டுக்கொண்டே, அவரவர் பகுதியை மட்டும் வாசித்துவிட்டு வரவேண்டும். மற்றவர்கள் வெளியே தாழ்வாரத்தில் தேநீர் குடித்துக்கொண்டிருக்கலாம். யாருக்கு அழைப்பு வரும், யாருக்கு வராது என்று தெரியாது. எட்டுப் பேர் வெளியே உட்கார்ந்து கதவைப் பார்த்துக்கொண்டிருந்தோம், மருத்துவமனையில் உட்காருவது போல.

முதல் அழைப்பு எனக்குத்தான் வந்தது. அதில் வியப்பில்லை.

கூடத்தில் நான் மட்டும். எதிரில் யாருமில்லை, மாஸ்டர் கண்ணாடிக்கு அந்தப் பக்கம். காதில் டக் டக். பல்லவி சரியாக வந்தது. முதல் சரணம் சரி. இரண்டாம் சரணத்துக்கு முன்னால் அந்தப் பிடி வந்தது, வாசித்தேன், நிறுத்தினேன். நான் நிறுத்திய பிறகும் இயந்திரம் தட்டிக்கொண்டிருக்கிறது! ஒன்றரை எண்ணிக்கை. நான் வீட்டுக்கு வந்து விளக்கேற்றிய பிறகு அது நொண்டிக்கொண்டு வாசலுக்கு வருகிறது.

மறுபடி வாசிக்கச் சொன்னார்கள். வாசித்தேன். மறுபடியும் இயந்திரம் பின்தங்கியது. பதினாலு முறை, தம்பி. பத்தொன்பது ஆண்டில் இரண்டாவது டேக் கேட்டறியாதவள் பதினாலு முறை வாசித்தேன்.

ரெஜினா உள்ளே வந்து, என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள்.

"மேடம், தப்பா நெனைக்காதீங்க. அந்த ரன் வரும்போது நீங்க கொஞ்சம் முன்னாடி போயிடறீங்க."

"நான் போகவில்லை. உங்கள் பொறி இழுக்கிறது. மாலை ஆறு மணி ஆகிறது. வடபழனியில் இந்த நேரத்துக்கு மின்னழுத்தம் இறங்கும். மின்விசிறியைப் பாருங்கள், எப்படிச் சுற்றுகிறது! இயந்திரம் மட்டும் தள்ளாடாதா?"

"இல்ல மேடம். இதுக்குள்ள ஒரு கிரிஸ்டல் இருக்கு. கரண்ட் கொறஞ்சா அணைஞ்சுதான் போகும். மெதுவா ஓடாது."

கிரிஸ்டல் என்றால் பளிங்கு. கேட்டீர்களா? ஒரு கண்ணாடிக் கல்லுக்குத் தாளம் தெரியும், எனக்குத் தெரியாது! அதோடு விட்டாளா? குரலைத் தாழ்த்திக்கொண்டு, "மேடம், ஒண்ணு பண்ணட்டுமா? அந்த எடத்துல மட்டும் மெஷின் வேகத்த ரெண்டு நம்பர் ஏத்தி வெச்சுடறேன். உங்க கூடவே வந்துடும். மாஸ்டருக்குக்கூடத் தெரியாது" என்றாள்.

என்ன துணிச்சல்! தப்பாக ஓடும் இயந்திரத்தை எனக்காக இன்னும் தப்பாக ஓட்டுகிறாளாம். இரக்கம் காட்டுகிறாள். எனக்கு! "அம்மா தாயே, உங்கள் கருணையைச் சிலுவைப்பாதைக்கு வைத்துக்கொள்ளுங்கள்" என்று சொல்லிவிட்டு எழுந்தேன். அவள் முகம் சிறுத்துப்போயிற்று. சிறுக்கட்டும்.

நேரே மாஸ்டரிடம் போனேன். "இயந்திரம் சரியா, நான் சரியா, எல்லாருக்கும் நடுவில் தெரியவேண்டும். நாளைக் காலையில், மின்னழுத்தம் சரியாக இருக்கும்போது, சோதித்துவிடுவோம்" என்றேன். மாஸ்டர் வேண்டாம் என்றார். இரண்டு தரம் வேண்டாம் என்றார். "எதுக்கும்மா? விட்டுடேன். நான் வேற ஏதாவது எழுதித் தர்றேன், மெதுவா போற மாதிரி" என்றார். அவருக்கு இயந்திரத்தின்மேல் நம்பிக்கை இல்லை என்பது எனக்கு அப்போதே புரிந்துவிட்டது. விடவில்லை. கடைசியில் எல்லார் எதிரிலும் வாக்குக் கொடுத்தார்: இயந்திரம் தப்பென்றால் மைத்துனரிடம் சிங்கப்பூருக்கே திரும்பிப் போகும், எட்டுப் பேரும் பழையபடி ஒன்றாக உட்காரலாம்.

எட்டுப் பேர் பிழைப்பு, தம்பி. என் ஒருத்தி விரலில் இருந்தது. அன்று இரவு நான் நன்றாகத் தூங்கினேன். சந்தேகம் இருந்தால்தானே தூக்கம் கெடும்?

மறுநாள் வெள்ளிக்கிழமை. பத்து மணிக்கெல்லாம் எல்லாரும் கூடத்துக்குள் வந்துவிட்டார்கள். வயலின்காரர் மூவரும் சட்டைப்பையில் விபூதி மடித்து வைத்திருந்தார்கள். சாட்சிக்கு யார் என்று மாஸ்டர் கேட்டார். "தேவசகாயம் வாசிக்கட்டும்" என்றேன். பத்தொன்பது ஆண்டு எதிரில் உட்கார்ந்தவர். என் தாளம் அவருக்குத் தெரிந்த அளவு யாருக்குத் தெரியும்?

தேவசகாயம் தயங்கினார். "நான் எதுக்குக்கா? குழல்காரர் கையால தாளம் போடட்டுமே" என்றார்.

"ஏன், உமக்கு என்ன நடுக்கம்? பாயைப் போடும்" என்றேன்.

பாயைப் போட்டார், எனக்கு எதிரில். எங்கள் இருவருக்கும் ஹெட்போன் கிடையாது. இயந்திரம் தன் அறையில் தனியாகத் தட்டும்; அதை ரெஜினா மட்டும் கேட்பாள். மாஸ்டர் கைகாட்ட, மூவரும் ஒரே நேரத்தில் தொடங்குவது. முடிவில் யார் எங்கே இருக்கிறார்கள் என்று பார்ப்பது. அவ்வளவுதான் சோதனை.

தொடங்கினோம். பல்லவி, முதல் சரணம். இரண்டாம் சரணத்துக்கு முன்னால் அந்தப் பிடி. தேவசகாயம் என் விரலைவிட்டுக் கண்ணெடுக்கவில்லை. கடைசி அடி விழுந்தது: வீணையும் தபேலாவும் ஒன்றாக, கதவும் நிலையும் பொருந்துவது போல. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ரெஜினா விரலைக் காட்டினாள். இயந்திரம் இன்னும் முடிக்கவில்லை. ஒன்றரை எண்ணிக்கை.

வயலின்காரர் மூவரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். குழல்காரர் அழுதேவிட்டார். இரண்டு மனிதர், தனித்தனிக் கை, தனித்தனி வாத்தியம், மயிரிழை பிசகாமல் ஒரே இடத்தில் நிற்கிறோம். தனியாக நிற்பது யார்? பொறி. இதற்குமேல் என்ன சான்று வேண்டும்? "கட்டி அனுப்புங்கள் சிங்கப்பூருக்கு" என்றேன்.

அப்போது அந்த ரெஜினா ஒலிபெருக்கியில் பேசினாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து, மெதுவாக. "மாஸ்டர், ஒரே ஒரு ரிக்வெஸ்ட். தபேலா சார் மட்டும் தனியா ஒரு தடவ வாசிக்கட்டும். வீணை வேண்டாம். அவருக்கும் ஹெட்போன் வேண்டாம். மேடம் கொஞ்சம் வெளியில இருக்கட்டும்."

என்ன தந்திரம் என்று எனக்குப் புரியவில்லை. நான் இல்லாவிட்டால் தேவசகாயம் திணறிவிடுவார் என்பது எனக்குத் தெரியும். அந்த மனிதரை ஏன் அவமானப்படுத்தவேண்டும் என்றுதான் தோன்றியது. வெளியே போய்க் கதவுக் கண்ணாடி வழியாகப் பார்த்தேன். தேவசகாயம் தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருந்தார். எதிரில் பார்க்க எதுவுமில்லை. மாஸ்டர் இரண்டு முறை கூப்பிட்டார். பிறகுதான் தேவசகாயம் வாசித்தார். மூன்றரை நிமிடம். தபேலா மட்டும்.

கடைசி அடி விழுந்தபோது ரெஜினா கையைத் தூக்கிக் காட்டினாள். இயந்திரமும் அவரும் ஒன்றாக முடித்திருந்தார்கள். மயிரிழை பிசகவில்லை.

புரிகிறதா உங்களுக்கு? துரோகம்! என்னோடு வாசித்தபோது என்னோடு முடித்தவர், பொறியோடு வாசித்தபோது பொறியோடு முடிக்கிறார். எப்பக்கம் காற்றடிக்கிறதோ அப்பக்கம் சாய்கிற மனிதர். ஒரு தட்டு, ஒரேயொரு தட்டு முன்னே தள்ளித் தட்டியிருந்தால் போதும். எட்டுக் குடும்பம் பிழைத்திருக்கும். அது அவருக்கும் தெரியும். தெரிந்தே செய்தார்.

உள்ளே போனேன். "ஏன் இப்படிச் செய்தீர்?" என்று எல்லார் எதிரிலும் கேட்டேன்.

"கை பொய் சொல்லலக்கா. தனியா இருந்தா அதுக்கு அப்படித்தான் வரும்" என்றார்.

"அப்படியானால் என்னோடு வாசித்ததெல்லாம் பொய்யா?"

அவர் குனிந்து தம் பாயைச் சுருட்டத் தொடங்கினார். கைதட்டிய வயலின்காரர்கள் சுவரைப் பார்த்தார்கள். குற்றமுள்ளவர்கள் எப்போதும் அப்படித்தான். வீணையை உறைக்குள் போட்டுக்கொண்டு வந்துவிட்டேன். யாரும் தடுக்கவில்லை. தடுக்க அவர்களுக்கு முகம் இல்லை.

பிறகென்ன? மாஸ்டர் தேவசகாயத்தை மட்டும் வைத்துக்கொண்டார். பொறியோடு ஒத்துப்போகிறவர் அல்லவா! ஓராண்டு கழித்து அவருடைய ஒவ்வொரு அடியையும் தனித்தனியாகப் பதிவுசெய்து பொறிக்குள்ளேயே போட்டுக்கொண்டு, அவரையும் அனுப்பிவிட்டார்கள். கேள்விப்பட்டேன். நன்றாக ஆயிற்று என்று நினைத்தேன். இப்போதும் அப்படித்தான் நினைக்கிறேன்.

ஊருக்குப் போகுமுன் ஒருநாள் வளசரவாக்கத்தில் என் வீட்டுக்கு வந்தார். நான் கம்பிக்கதவைத் திறக்கவில்லை. வெளியே நின்றுகொண்டே பேசினார். "அதுகூட வாசிக்கிறது வேலக்கா. உங்ககூட வாசிச்சதுதான் வாசிப்பு" என்றார். முகத்துக்கு நேரே முகத்துதி. கையில் நேந்திரங்காய் வறுவல் பொட்டலம். அதைக் கம்பியில் மாட்டிவிட்டுப் போனார். வேலைக்காரிக்குக் கொடுத்துவிட்டேன். அதன் எண்ணெய் வாடை இரண்டு நாள் கதவில் இருந்தது.

நீங்கள் இறங்குகிற திருச்சி எத்தனை மணிக்கு? அதற்குள் சொல்லிவிடுகிறேன்.

போன மாதம் அவர் மகள் தொலைபேசியில் பேசினாள். எஸ்தர். "அத்தே, அப்பா ஒங்களப் பத்திப் பேசாத நாளு கெடையாது" என்று தொடங்கினாள். நான் அவளுக்கு எந்த முறையில் அத்தை? போகட்டும். கடைசிக் கிறிஸ்துமஸுக்கு, உடம்பு முடியாதபோது, பேத்தியின் கணிப்பொறியில் தபேலா மட்டும் வாசித்துப் பதிவுசெய்து வைத்திருக்கிறார். அந்தப் பழைய பாட்டு, அதே மூன்றரை நிமிடம். பேத்தி ஹெட்போனைக் கொடுத்தாளாம். "அது வேண்டாம், எதிர்ல ஒரு பாய விரி" என்றாராம். விரித்தார்கள். யாரும் உட்காரவில்லை. வெறும் பாயைப் பார்த்துக்கொண்டே வாசித்தாராம். "இது அக்காவுக்கு. வீணைக்கு எடம் விட்டு வாசிச்சிருக்கேன்" என்றாராம். முதுமையில் புத்தி அப்படித்தான் போகும். அதை ஒலிக்கவிட்டு, நாளைக்கு மாதா கோயில் கூடத்தில் ஓராண்டு நினைவுக்கூட்டத்தில் நான் வாசிக்கவேண்டும் என்று கேட்டாள்.

ஏன் ஒப்புக்கொண்டேன் தெரியுமா? அனுப்பியதைக் கேட்டேன்; வீணையை எடுத்துச் சேர்ந்து வாசித்தேன். இரண்டாம் சரணத்துக்கு முன்னால், அந்தப் பிடி முடிகிற இடத்தில், தபேலாவும் நானும் ஒன்றாக வந்து நின்றோம். மறுநாளும் அப்படியே. பதினைந்து நாள் வாசித்துவிட்டேன், ஒருமுறைகூடப் பிசகவில்லை. மனிதர் சாவதற்கு முன்னாலாவது திருந்திவிட்டார்! யார் சரி என்பதைத் தம் கையாலேயே எழுதிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். அதை நாலு பேர் நடுவில் காட்டுவதற்குத்தான் போகிறேன்.

நம்பவில்லை போலிருக்கிறதே. உங்கள் கையில்தான் பொறி இருக்கிறது, சோதித்துவிடலாம். இதோ என் கைப்பேசியில் அவருடைய தபேலா. முதல் நாலு அடியைக் கேட்டு, உங்கள் விளக்குக்கு அதே வேகத்தை வையுங்கள். சத்தம் வேண்டாம், விளக்கு மட்டும் போதும். ஆயிற்றா? போடுங்கள். நான் மடியிலேயே விரலை ஓட்டுகிறேன்.

பல்லவி. விளக்கும் அவரும் சரியாக இருக்கிறார்கள், பார்த்தீர்களா? முதல் சரணம், சரி. இதோ வருகிறது. தந்தன, தந்தன, தந்தன, தன. நின்றாயிற்று. நானும் அவரும் ஒரே இடத்தில். உங்கள் விளக்கு? பின்தங்குகிறது! ஒன்றரை எண்ணிக்கை! முப்பத்தைந்து ஆண்டு ஆகிவிட்டது, இன்னும் அதே இடத்தில் நொண்டுகிறது. இத்தனை பொறியாளர்கள் எதற்குச் சம்பளம் வாங்குகிறார்கள்?

மின்கலம் எவ்வளவு இருக்கிறது? தொண்ணூற்றொரு விழுக்காடா?

நன்றாகப் பார்த்தீர்களா? சரி. மறுபடி போடுங்கள். இந்தமுறை நான் கையைக் கட்டிக்கொள்கிறேன். அவர் மட்டும் வாசிக்கட்டும்.

முதல் சரணம் சரியாக இருக்கிறது.

இதோ அந்த இடம்.

நிறுத்துங்கள். நான் வாசிக்கவில்லையே, தம்பி. கையைக் கட்டிக்கொண்டுதானே இருந்தேன்? விளக்கை விட்டு முன்னே போனது அவர். தேவசகாயம். அவர் போகமாட்டார். தனியாக இருந்தால் அந்தக் கை போகாது. எனக்குத் தெரியும், அன்று கதவுக் கண்ணாடி வழியாக நானே பார்த்தேன். மூன்றரை நிமிடம், மயிரிழை பிசகாமல்.

எதிரில் வெறும் பாய்தான் இருந்தது என்று எஸ்தர் சொன்னாள். யாரும் உட்காரவில்லை என்றாள். பின்னே, எந்த இடத்தில் முன்னே போகவேண்டும், எவ்வளவு போகவேண்டும் என்று அந்த மனிதருக்கு எப்படி...

வேண்டாம், நீங்கள் ஒன்றும் சொல்லவேண்டாம். விளக்கை அணைத்துவிட்டு, முதலிலிருந்து போடுங்கள்.